அந்த வயல் கடைசியில் யாருக்குப் போகிறது? நாஜி காலத்து கிராமப் படம் ஒன்றைப் பற்றி

கேள்வி இதுதான்: இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்தபோது ஜெர்மனியில் எடுத்த கிராமத்துக் குடும்பப் படங்களில் ஹிட்லர் இல்லை, ஸ்வஸ்திகா இல்லை, போர்கூட இல்லை. வயல், மாடு, கண்டிப்பான அப்பா, ஆசைப்படும் மகள், காதல், கண்ணீர், அவ்வளவுதான். அவற்றையும் நாஜிப் பிரசாரம் என்று சொல்வது கொஞ்சம் அதிகப்படியாக இல்லையா? குறிப்பாக 1942இல் வந்த ‘டி கோல்டனே ஷ்டாட்’, அதாவது ‘பொன் நகரம்’, வெறும் சோகக் காதல் கதைதானே?

நான் இந்தப் படத்தை மூன்று தடவை பார்த்திருக்கிறேன். முதல் தடவை எனக்கும் இதே சந்தேகம் வந்தது. இப்போது என் பதில்: பிரசாரம்தான். ஆனால் வசனத்தில் தேடினால் அகப்படாது. பண்ணை யார் கைக்குப் போகிறது என்று பாருங்கள், அங்கே இருக்கிறது. அதே சமயம் இந்தப் படம் தான் சொல்ல வந்த பாடத்தைத் தானே கெடுத்துக்கொள்கிற படமும்கூட. இரண்டையும் சொல்கிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும்.

முதலில் கதை. பொஹீமியாவின், அதாவது இன்றைய செக் நாட்டின் மேற்குப் பகுதியின், கிராமப்புறம், வல்தாவா ஆற்றுப் பக்கம். அந்த ஆற்றுக்கு ஜெர்மன் பெயர் மோல்டாவ். மெல்ஷியோர் யோப்ஸ்ட் என்ற ஜெர்மானியப் பெரிய விவசாயி. அவருடைய ஒரே மகள் அன்னா. பண்ணையை ஒட்டி ஒரு சதுப்பு நிலம். அன்னாவின் அம்மா நகரத்து ஏக்கத்தில் வாடி அந்தச் சதுப்பில்தான் செத்துப்போனாள். அதனால் அப்பாவுக்கு நகரம் என்றாலே ஆகாது. மகளைப் பண்ணையின் தலைமை வேலையாள் தாமஸுக்குக் கட்டிவைக்க நினைத்திருக்கிறார். இந்த நேரத்தில் சதுப்பை வடிக்க முடியுமா என்று அளந்து பார்க்க பிராக் நகரத்திலிருந்து ஒரு பொறியாளர் வருகிறார். அவரிடம் பிராக் பற்றிக் கேட்கக் கேட்க அன்னாவுக்கு மனசு அங்கேயே போய்விடுகிறது. அப்பா பொறியாளரை விரட்டிவிடுகிறார். வீட்டு வேலைகளைக் கவனித்துக்கொள்ளும் மருஷ்கா என்ற செக் பெண்ணுக்குப் பண்ணையின் எஜமானி ஆகிவிட வேண்டும் என்று ஆசை. ‘போய்ப் பார்த்துவிட்டு வாயேன்’ என்று அன்னாவைத் தூண்டிவிடுகிறாள்.

அன்னா பிராக் போகிறாள். அங்கே உறவுக்காரி வீட்டில் தங்குகிறாள். ஜெர்மன் மொழியில் சித்தி, பெரியம்மா, அத்தை, மாமி எல்லாருக்கும் ‘டான்டே’ என்று ஒரே சொல். அந்த டான்டேயின் மகன் டோனி அவளை மயக்கிக் கெடுக்கிறான். முறை பார்த்தே வளர்ந்த நமக்கு ‘முறைப்பையனா, அண்ணன் முறையா?’ என்றுதான் முதலில் கேட்கத் தோன்றும். படத்துக்கு அந்தக் கவலையே இல்லை. அவன் செக்கன், அது போதும். அன்னா கர்ப்பமாகிறாள். செய்தி தெரிந்த அப்பா அவளைச் சொத்திலிருந்து விலக்கிவிட்டு மருஷ்காவைக் கல்யாணம் செய்ய முடிவெடுக்கிறார். சொத்து இல்லை என்றதும் டோனி வசதியான இன்னொருத்தியிடம் போய்விடுகிறான். ஊர் திரும்பும் அன்னா அப்பாவின் நிச்சயதார்த்த விருந்து நடக்கும் வேளையில் வந்து சேர்கிறாள். ஏற்றுக்கொள்ள ஆளில்லை. அம்மா போன வழியிலேயே சதுப்புக்குள் நடந்துவிடுகிறாள்.

இதுவரை கேட்டால் எந்த நாட்டுக் கிராமத்துக் கதையும் இப்படித்தான் இருக்கும் என்று தோன்றும். உண்மைதான். ‘ஹைமாட்’ என்ற ஜெர்மன் சொல்லைச் சுற்றி இந்த மாதிரிக் கதைகள் பத்தொன்பதாம் நூற்றாண்டிலிருந்தே குவிந்துகிடந்தன. ஹைமாட் என்றால் சொந்த ஊர், பிறந்த மண், வீட்டு நினைப்பு எல்லாம் சேர்ந்தது. நாம் ‘ஊருக்குப் போறேன்’ என்று சொல்லும்போது அந்த ‘ஊர்’ என்ற சொல்லில் எவ்வளவு இருக்கிறதோ அவ்வளவு அதில் இருக்கிறது. லூட்விக் கங்ஹோஃபர் போன்றவர்களின் மலைநாட்டு நாவல்கள் லட்சக்கணக்கில் விற்றன. பேட்டர் ஓஸ்டர்மயர் என்ற தயாரிப்பாளர் அவற்றை வரிசையாகப் படமாக்கினார். வேட்டைக்காரன், பண்ணையார், மேய்ச்சல்காரி, பாதிரியார், பனிச்சரிவு. நாஜிகள் ஆட்சிக்கு வருவதற்கு முன்பே கடை திறந்து வியாபாரம் நடந்துகொண்டிருந்தது.

நாஜிகள் செய்தது, அந்தக் கடையை அப்படியே எடுத்துக்கொண்டு கணக்கு எழுதும் முறையை மட்டும் மாற்றியதுதான். ‘இரத்தமும் மண்ணும்’ என்பது அவர்களுடைய விவசாயக் கொள்கையின் பெயர். வால்டர் டாரே என்ற அமைச்சர் அதன் பூசாரி. ஜெர்மன் இனத்தின் ஊற்று விவசாயிதான், நகரம் இனத்தைக் கெடுக்கும் இடம் என்பது சாரம். இந்தக் கொள்கையைப் பாடிய நாவல்களும் நாடகங்களும் வந்து குவிய, சலித்துப்போனவர்கள் ‘ப்ளூட் உண்ட் போடன்’ என்பதைச் சுருக்கி ‘ப்ளூபோ’ என்று கேலி பேசினார்கள்.

இந்தக் கொள்கைக்குச் சட்ட வடிவமும் உண்டு. அதைத் தெரிந்துகொண்டால்தான் படத்தின் முடிவு புரியும். 1933 செப்டம்பர் 29இல் வந்த பரம்பரைப் பண்ணைச் சட்டம். பொதுவாக 7.5 ஹெக்டேரிலிருந்து 125 ஹெக்டேர் வரையிலான பண்ணைகள், நம் கணக்கில் ஏறக்குறைய 18 ஏக்கரிலிருந்து 300 ஏக்கருக்குக் கொஞ்சம் மேல் வரை, இதற்குள் வரும். அப்படிப்பட்ட பண்ணையை விற்க முடியாது, அடமானம் வைக்க முடியாது, பிள்ளைகளுக்குப் பங்கு பிரிக்க முடியாது. ஒரே வாரிசுக்குத்தான் போகும். ‘பவுவர்’, அதாவது விவசாயி, என்ற பட்டமே இந்தப் பண்ணைக்காரர்களுக்கு மட்டும். மற்றவர்கள் வெறும் ‘லாண்ட்விர்ட்’. பவுவர் ஆக வேண்டுமானால் ஜெர்மன் இரத்தம் என்று நிரூபிக்க வேண்டும். அதற்கு 1800ஆம் ஆண்டு வரை முன்னோர் கணக்குப் பார்த்தார்கள். வாரிசு வரிசையில் முதலில் மகன்கள், பிறகு பண்ணைக்காரரின் அப்பா, பிறகு அவருடைய சகோதரர்கள், நான்காவதாகத்தான் மகள். கடன்காரன் கையில் நிலம் போகாது என்று சந்தோஷப்பட்ட விவசாயிகளும் உண்டு. வங்கியில் கடன் கிடைக்காமல் திண்டாடியவர்களும் உண்டு. பங்கு கிடைக்காத தம்பி தங்கைகள் மூட்டையைக் கட்டிக்கொண்டு நகரத்துத் தொழிற்சாலைக்குப் போனார்கள். கிராமத்தைக் காப்பாற்ற வந்த சட்டம் கிராமத்தைக் காலிசெய்யவும் உதவியது.

சரி, படத்துக்கு வருவோம். அதன் மூலம் ரிச்சர்ட் பில்லிங்கர் என்ற ஆஸ்திரிய நாடக ஆசிரியரின் ‘டேர் கிகான்ட்’ என்ற நாடகம். கிகான்ட் என்றால் அரக்கன். நகரம்தான் அந்த அரக்கன். அந்த நாடகத்தில் சாவது மகள் இல்லை, அப்பா. இயக்குநர் ஃபைட் ஹார்லானும் மகள் உயிரோடு இருக்கும்படியான முடிவைத்தான் வைத்திருந்ததாகப் பின்னாளில் சொன்னார். பிரசார அமைச்சர் கோயபல்ஸ் அதை மாற்றச் சொன்னார் என்பது அவருடைய கூற்று. ஹார்லான் போருக்குப் பிறகு தன்மீது ஒட்டியிருந்த சேறு எல்லாவற்றையும் கோயபல்ஸ் தலையில் கொட்டிக் கழுவப் பார்த்த மனிதர், அதனால் அவர் சொல்வதைக் கொஞ்சம் சந்தேகத்தோடுதான் எடுத்துக்கொள்ள வேண்டும். ஆனால் இந்த விஷயத்தில் தர்க்கம் அவர் பக்கம் இருக்கிறது. அன்னா பிழைத்தால் என்ன ஆகும்? குழந்தை பிறக்கும். அது செக்கனுடைய குழந்தை. அப்பா மனமிளகினால் அந்தக் குழந்தை நாளைக்குப் பண்ணைக்கு வாரிசு. 1942 பெர்லினில் ஒரு மந்திரி இதை ஒத்துக்கொள்வாரா?

ஆகவே அன்னா சாக வேண்டும். அவள் வயிற்றில் இருப்பதும் அவளோடு போக வேண்டும். அவள் செத்த பிறகு அப்பாவுக்குப் புத்தி வருகிறது. மருஷ்காவை உதறுகிறார். பண்ணையை வேலையாள் தாமஸிடம் ஒப்படைத்து, சதுப்பை வடித்து வயலாக்கச் சொல்கிறார். படம் முடியும்போது சதுப்பு இருந்த இடத்தில் தானியம் விளைந்து நிற்கிறது.

இந்தக் கடைசிக் கணக்கை ஒருமுறை நிதானமாகப் பாருங்கள். இரத்த உறவே இல்லாத தாமஸ் வாரிசாகலாம், ஏனென்றால் அவன் உழைக்கிற ஜெர்மானியன், மண்ணை விட்டு நகராதவன். பெற்ற மகளும் பேரக்குழந்தையும் வாரிசாகக் கூடாது. முதலில் வந்த பொறியாளரின் திட்டம் கெட்டதில்லை, சதுப்பை வடிக்கத்தான் வேண்டும். அதற்கு விலையாக ஒரு பெண் உள்ளே போக வேண்டியிருந்தது என்று படம் சொல்கிறது. பலிகொடுத்த இடத்தில் பயிர் செழிக்கிறது. இதில் ஹிட்லர் பெயர் எதற்கு?

இதே கணக்கை வேறு கோணத்தில் பார்க்க இரண்டு வருடம் முந்தைய ஒரு படம் உதவும். 1940இல் ஹான்ஸ் ஷ்டைன்ஹோஃப் இயக்கிய ‘டி கையர்வாலி’. ஆஸ்திரியாவின் டிரோல் மலைநாட்டில், ஓட்ஸ் பள்ளத்தாக்கில் போய் எடுத்தது. அப்பா சொன்ன மாப்பிள்ளையைக் கட்ட மாட்டேன் என்று அடம்பிடிக்கும் பண்ணையார் மகள். தண்டனையாக உயரத்து மேய்ச்சல் நிலத்துக்கு விரட்டப்படுகிறாள், துணைக்குத் தான் வளர்த்த கழுகு மட்டும். இதற்குப் பின்னால் ஒரு நிஜப் பெண் இருந்தாள்: லேஹ் பள்ளத்தாக்கின் அன்னா ஷ்டைனர்-க்னிட்டல். ஆட்டுக்குட்டிகளைத் தூக்கிப்போகும் கழுகின் கூட்டைக் கலைக்க ஆண்கள் தயங்கியபோது, பதினேழு வயதில் கயிற்றில் தொங்கிப் பாறைமுகப்பில் இறங்கிக் குஞ்சை எடுத்துவந்தவள். பிறகு ஓவியராகி இன்ஸ்ப்ரூக்கில் பெண்களுக்கு ஓவியப் பள்ளி நடத்தினாள். நாவல், நாடகம், மிலானில் ஓபரா என்று அவள் கதை எங்கெங்கோ போனது. நிஜப் பெண் மலையை விட்டிறங்கி நகரத்துக்குப் போய்ப் பிழைத்தாள், திரையில் வருகிறவள் மலையிலேயே இருக்கிறாள். நான் சொல்ல வருவது: கையர்வாலியும் அப்பாவை எதிர்க்கிறாள், அன்னா யோப்ஸ்ட்டும் எதிர்க்கிறாள். முன்னவள் மலையில் ஏறினாள், பிழைத்தாள். பின்னவள் நகரத்துக்கு இறங்கினாள், செத்தாள். அப்பனை எதிர்ப்பதைக்கூட அந்த ஆட்சி பொறுத்துக்கொண்டது, திசை சரியாக இருந்தால்.

இனி படத்தின் இன்னொரு பக்கம். இதுதான் எனக்கு அதிகம் பிடித்த பகுதி.

‘பொன் நகரம்’ ஜெர்மனியின் இரண்டாவது முழுநீள வண்ணக் கதைப் படம். முதலாவது, 1941இல் வந்த ஒரு இசைக் கேளிக்கைப் படம். அதில் நிறங்கள் ஓரிடத்தில் நிற்கவில்லை, காட்சிக்குக் காட்சி மாறி அசிங்கமாக இருந்தது. ஹாலிவுட்டின் டெக்னிகலரைப் பார்த்துப் பொறாமையில் வெந்துகொண்டிருந்த கோயபல்ஸுக்கு அது பெரிய அவமானம். டெக்னிகலர் கேமரா ஒரு பூதம்: உள்ளே ஒளியைப் பிரித்து மூன்று தனித்தனிப் பிலிம் சுருள்களில் பதிக்கும். தூக்கவே ஆட்கள் வேண்டும். அக்ஃபா நிறுவனம் வொல்ஃபன் ஊரில் கண்டுபிடித்தது வேறு வழி: ஒரே பிலிமில் மூன்று நிற அடுக்குகள். சாதாரண கேமராவிலேயே போடலாம். அதாவது வண்டியில் ஏற்றி வயலுக்கும் ஆற்றங்கரைக்கும் கொண்டுபோகலாம். ஹார்லானும் ஒளிப்பதிவாளர் ப்ரூனோ மோண்டியும் அதைத்தான் செய்தார்கள்.

இங்கே ஒரு இடைச்செருகல், பொறுத்துக்கொள்ளுங்கள். போருக்குப் பிறகு வொல்ஃபன் சோவியத் பகுதிக்குள் போனது. அந்த ஆலை 1964இல் ‘ஒரிஜினல் வொல்ஃபன்’ என்பதைச் சுருக்கி ‘ஆர்வோ’ என்று பெயர் வைத்துக்கொண்டது. ஆமாம், நம் பழைய படங்களின் போஸ்டரிலும் டைட்டிலிலும் பார்த்த அதே ‘ஆர்வோ கலர்’தான். கோயபல்ஸ் ஹாலிவுட்டை முந்த வளர்த்த பிலிமின் பேரப்பிள்ளை கோடம்பாக்கம் வரை வந்திருக்கிறது.

திரும்பி வருவோம். அக்ஃபாகலரின் நிறம் டெக்னிகலர் மாதிரி கூச்சலிடாது. கொஞ்சம் மங்கல், கொஞ்சம் பழுப்பேறிய மென்மை, சிவப்பும் தோல் நிறமும் மட்டும் கதகதப்பாகத் தெரியும். கிராமிய உடையில் பொன்னிறத் தலைமுடியோடு நிற்கும் கதாநாயகி கிறிஸ்டினா ஸோடர்பாமை அந்த நிறம் தாங்கிப் பிடிக்கிறது. (அவர் ஸ்வீடன்காரர், ஹார்லானின் மனைவி. ஜெர்மன் விவசாயப் பெண்ணின் உருவமாக ஆட்சி தூக்கிப்பிடித்தது ஒரு ஸ்வீடன்காரியை.) கிராமக் காட்சிகள் அழகுதான். ஆனால் கேமரா பிராகுக்குள் நுழையும்போது பாருங்கள். ஆறு, சார்லஸ் பாலம், மேலே கோட்டையும் தேவாலயக் கோபுரங்களும். ஸ்மெடானா அந்த ஆற்றைப் பற்றி எழுதிய இசை கூடவே ஓடுகிறது. ஸ்மெடானா செக் தேசிய இசையமைப்பாளர் என்பதையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். செக்கர்களைக் கெட்டவர்களாகக் காட்டும் படம் தன் மிக அழகான நிமிடங்களுக்குச் செக்கரிடமே கடன் வாங்குகிறது.

நகரம் நாசம் என்று சொல்ல வந்த படத்தில் நகரம்தான் பொன்னாக ஜொலிக்கிறது. அன்னா வாய் பிளந்து பார்க்கிறாள். பார்வையாளரும் அவளோடு சேர்ந்து வாய் பிளக்கிறார். அவள் ஏன் ஊரை விட்டுப் போனாள் என்று கேட்க எவருக்கும் தோன்றாது. நானும் போயிருப்பேன். இதைப் பிரசாரத்தின் தோல்வி என்று சொல்ல முடியாது. பத்துப் பைசாவுக்கு ஆசையைக் காட்டி, அப்புறம் ஆசைப்பட்டதற்குத் தண்டனையும் காட்டுவது சினிமாவின் பழைய வித்தை. ஆனால் அந்த ஆசை உண்மையாகவே ஒட்டிக்கொள்கிறது. நான் சொன்ன மூன்று தடவையிலும் படம் முடிந்த பிறகு என் மனதில் நின்றது கடைசி வயல் இல்லை, அந்தப் பாலம்தான்.

1942இன் ஜெர்மன் பார்வையாளரை நினைத்துப் பாருங்கள். இரவில் இருட்டடிப்பு. ரேஷன் அட்டை. கையில் பணம் இருக்கிறது, வாங்கக் கடையில் பொருள் இல்லை. வாங்க முடிந்தது சினிமா டிக்கெட். அந்த வருடம் ஜெர்மனியில் 100 கோடிக்கு மேல் டிக்கெட் விற்றது. அந்த வருடம்தான் பிரிட்டிஷ் விமானங்கள் லூபெக்கையும் கொலோனையும் எரித்தன. அப்படிப்பட்ட ஊரிலிருந்து வந்து இருட்டில் உட்காரும் ஒருத்திக்கு, குண்டு விழாத ஒரு பழைய நகரம் முழு வண்ணத்தில். படம் அந்தக் காலத்தின் மிகப் பெரிய வசூல் படங்களில் ஒன்றாக ஆனதில் என்ன ஆச்சரியம்? செப்டம்பரில் வெனிஸ் விழாவில் திரையிட்டார்கள். ஸோடர்பாமுக்குச் சிறந்த நடிகை விருது. நவம்பரில் பெர்லின். மக்கள் ஸோடர்பாமுக்கு வைத்த பட்டப்பெயர் வேறு: ‘ரைஷ்ஸ்வாஸர்லைஷ’, ‘அரசாங்கத்தின் நீர்ப்பிணம்’. கணவர் படங்களில் அவர் தண்ணீரில் மூழ்கிச் சாவது இது முதல் தடவை இல்லை. 1940இன் யூத வெறுப்புப் படமான ‘யூட் ஸூஸ்’ படத்திலும் அப்படித்தான். அங்கே கெடுப்பவன் யூதன், இங்கே செக்கன். சூத்திரம் ஒன்றே.

இப்போது திரைக்கு வெளியே நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். படத்தை ‘வெறும் குடும்பக் கதை’ என்பவர்கள் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

ஒன்று, அந்தப் பண்ணைகளில் உண்மையில் வேலை செய்தது யார். படத்தில் தாமஸ் மாதிரி வாட்டசாட்டமான ஜெர்மன் வேலையாட்கள் வருகிறார்கள். நிஜ தாமஸ்கள் அப்போது ரஷ்யப் போர்முனையில். கிராமத்துப் பெண்கள் முடிந்த வழியில் நகரத்துக்கு நழுவிக்கொண்டிருந்தார்கள். 1938லேயே அரசு 25 வயதுக்குட்பட்ட கல்யாணமாகாத பெண்கள் ஒரு வருடம் பண்ணையிலோ வீட்டு வேலையிலோ கழிக்க வேண்டும் என்று கட்டாயம் கொண்டுவந்திருந்தது. அதுவும் போதவில்லை. வயலில் இறங்கியது போலந்துக்காரர்கள், உக்ரைனியர்கள், பிரெஞ்சுப் போர்க்கைதிகள். 1944 ஆகஸ்டில் ஜெர்மனியில் இருந்த வெளிநாட்டுத் தொழிலாளர்களும் கைதிகளும் சேர்ந்து சுமார் 76 லட்சம் பேர், மூன்றில் ஒரு பங்குக்கு மேல் விவசாயத்தில். 1940 மார்ச் 8இல் வந்த ஆணைப்படி போலந்துத் தொழிலாளி சட்டையில் ஊதா நிறத்தில் ‘பி’ எழுத்துப் போட்ட மஞ்சள் துணியைத் தைத்துக்கொள்ள வேண்டும். சினிமாக் கொட்டகைக்குள் போகக் கூடாது. ஜெர்மன் பெண்ணைத் தொட்டால் தூக்கு. டோனியை இந்தப் பின்னணியில் வைத்துப் பாருங்கள். வேற்றினத்தான் நம் பெண்ணைக் கெடுப்பான் என்று திரையில் கண்ணீரோடு சொன்னதும், ஊர் எல்லையில் மரத்தில் ஒரு பையனைத் தொங்கவிட்டதும் ஒரே நாட்டில், ஒரே வருடங்களில். அதே கிராமத்தில் மாடு கறந்து வைக்கோல் அள்ளியவனுக்கு இந்தப் பண்ணைப் படத்தைப் பார்க்க டிக்கெட் கிடையாது.

இரண்டு, படத்தில் வரும் அந்தச் செக் நிலம். 1939 மார்ச்சிலிருந்து பிராக் ஜெர்மன் ஆக்கிரமிப்பில். படத்தின் வேலைகள் அங்கேயே நடந்தன. வெனிஸ் திரையிடலுக்கு மூன்று மாதம் இருக்கும்போது, செக் பகுதியை ஆண்டுகொண்டிருந்த நாஜித் தலைவர் ஹைட்ரிஷ் பிராகில் கொல்லப்பட்டதற்குப் பழிவாங்க, பக்கத்தில் லிடிட்ஸே என்ற செக் கிராமத்தை ஜெர்மானியர்கள் ஜூன் 10ஆம் தேதி அழித்தார்கள். ஹோராக் என்ற விவசாயியின் பண்ணைத் தோட்டத்தில், மெத்தைகளைச் சுவரில் சாய்த்துவைத்து, ஊர் ஆண்கள் 173 பேரைச் சுட்டார்கள். பெண்களை ராவன்ஸ்ப்ரூக் வதைமுகாமுக்கு அனுப்பினார்கள். வீடுகளைக் கொளுத்தி, வெடிவைத்து, மண்ணைச் சமமாக்கினார்கள். அதையும் கேமரா வைத்துப் படம் எடுத்தார்கள். பொஹீமியாவில் ஒரு பண்ணை; சதுப்பை வடித்தால் வயல்; ஊரைச் சமமாக்கினாலும் வயல். ஹார்லான் இதை எண்ணித் தன் கடைசிக் காட்சியை வைத்தார் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அந்தத் தானியக் காட்சியைப் பார்க்கும்போது எனக்கு லிடிட்ஸே நினைவுக்கு வராமல் இருந்ததில்லை.

மூன்றாவது, கதை முடிந்த பிறகு நடந்தது. 1945-46இல் செக்கோஸ்லோவாக்கியாவிலிருந்து சுமார் 30 லட்சம் ஜெர்மானியர்கள் விரட்டப்பட்டார்கள். யோப்ஸ்ட் மாதிரியான குடும்பங்கள்தான் அவை. தலைமுறைக்கும் கைமாறாது என்று சட்டம் போட்ட நிலம் ஒரு வருடத்தில் கைமாறியது. மேற்கு ஜெர்மனிக்கு வந்த அகதிகள் சினிமாக் கொட்டகைக்குப் போனார்கள், அங்கே என்ன ஓடியது தெரியுமா? மறுபடி ஹைமாட் படம். 1950இல் ‘ஷ்வார்ட்ஸ்வால்ட்மேடல்’, 1951இல் ‘க்ரூன் இஸ்ட் டி ஹைடே’. ஐம்பதுகளின் பெரிய அலையே இதுதான். இரண்டிலும் கதாநாயகன் ருடால்ஃப் ப்ராக் (பிராக் நகரத்துக்கும் இவர் பெயருக்கும் சம்பந்தமில்லை). இவரை முன்பே பார்த்திருக்கிறோம்: ‘பொன் நகரம்’ படத்தில் கடைசியில் பண்ணையைப் பெற்றுக்கொள்ளும் தாமஸ் இவர்தான். ‘க்ரூன் இஸ்ட் டி ஹைடே’ படத்தில் இவர் காட்டுக்காவலர். கிழக்கில் நிலத்தை இழந்து வந்த ஒரு நிலக்கிழார், பழைய வேட்டை ஆசையை விடமுடியாமல் இவர் காட்டில் திருட்டு வேட்டையாடுகிறார். ஏன் இழந்தோம் என்ற பேச்சு மட்டும் படத்தில் வராது.

ஹார்லானுக்கு என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். ‘யூட் ஸூஸ்’ படத்துக்காக ஹம்பர்கில் மனிதகுலத்துக்கு எதிரான குற்றம் என்று வழக்கு; 1949இலும் 1950இலும் விடுதலை. மறுபடி படம் எடுத்தார். அவர் படத்தைப் புறக்கணியுங்கள் என்று எரிஹ் லூட் என்ற ஹம்பர்க் அதிகாரி பேச, தயாரிப்பாளர்கள் தடையுத்தரவு வாங்க, லூட் அரசியல்சட்ட நீதிமன்றம் வரை போய் 1958 ஜனவரி 15இல் ஜெயித்தார். ஜெர்மனியில் பேச்சுரிமை பற்றிப் படிக்கும் ஒவ்வொரு சட்ட மாணவரும் இன்றைக்கும் அந்தத் தீர்ப்பைத்தான் முதலில் படிக்கிறார்.

கேள்வியின் ஓரத்தில் ‘பார்க்கலாமா?’ என்றும் இருக்கிறது. பார்க்கலாம். ‘யூட் ஸூஸ்’ உள்ளிட்ட சுமார் 40 படங்களை ஜெர்மனியில் இன்றும் யாராவது முன்னே நின்று விளக்கம் சொன்னால்தான் பொதுவில் திரையிட முடியும். இந்தப் படத்துக்கு அந்தக் கட்டுப்பாடு இல்லை, அதனால்தான் விளக்கம் இல்லாமலே பார்த்துவிட்டு ‘அழகான சோகக் கதை’ என்று எழுதுகிறார்கள். பார்க்கும்போது மருஷ்கா மீது ஒரு கண் வையுங்கள். படம் அவளைச் சூழ்ச்சிக்காரி என்கிறது. அவள் கேட்டது என்ன? வருடக்கணக்கில் தான் உழைத்த வீட்டில் ஒரு இடம். தாமஸும் அதே பண்ணையில் உழைத்தவன்தான், அவனுக்கு முழுப் பண்ணையும் கிடைக்கிறது. இவளுக்குக் கதவு காட்டப்படுகிறது.